ஒரு சட்டை கூடுதல்

மூன்றாம் மாடி வீட்டு வாஷிங் மெஷின் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், உள்ளே போட்ட துணிகளோடு யாரும் போடாத ஒரு சட்டையையும் துவைத்துக் கொடுத்தது. ஆண்கள் சட்டை. நீல நிறம், அரைக்கை, பாக்கெட்டின் ஒரு மூலை பிரிந்து தொங்கிக்கொண்டிருந்தது. அன்று நல்ல வெயில் அடித்ததால் அதையும் உதறி மற்ற துணிகளோடு பால்கனிக் கொடியில் போட்டார்கள், மாலைக்குள் காய்ந்துவிட்டது. மேல் வீட்டிலிருந்து விழுந்ததோ என்று கேட்டார்கள், கீழ் வீட்டில் கேட்டார்கள், வாசலில் காவல் இருப்பவரிடம் கேட்டார்கள். யாரிடமும் அப்படி ஒரு சட்டை கிடையாது. அடுத்த ஞாயிறு ஒரு சாம்பல் நிறப் பேன்ட் வந்தது. அதற்குள் சட்டையை மடித்து வைத்திருந்த அலமாரித் தட்டு காலியாகியிருந்தது. பிறகு பேன்ட் போயிற்று, சட்டை திரும்பி வந்தது, இந்த முறை காலரில் ஒரு மைக்கறையோடு. இப்படிப் போவதும் வருவதுமாக இருந்ததே தவிர, மெஷின் ஒரு வாரமும் ஓய்வு எடுக்கவில்லை.

அந்த வீட்டில் குடியிருந்தவர்கள் அம்மாவும் மகளும். அம்மாவுக்கு ஒரு பெரிய துணிக்கடையின் ஆல்டரேஷன் பிரிவில் வேலை. நீளமான பேன்ட்டைக் குட்டையாக்குவதும், இறுக்கின இடுப்பைத் தளர்த்துவதும், வாங்கின அன்றே தொப்பையைப் பற்றி உண்மையைச் சொல்லிவிடுவதும் அவர் தொழில். கட்டடம் முழுக்க அவரை ஆல்டரேஷன் அம்மா என்றுதான் கூப்பிடும். கணவர் இறந்துபோய்ப் பல வருடங்கள் ஆகியிருந்தன. மகள் பாலம் கட்டுகிற இன்ஜினியர். அதனால் அவளுக்குப் பெயரே பாலம் என்று நிலைத்துவிட்டது. அந்த வருடம்தான் அவளை ஒரு பெரிய ஆற்றின் குறுக்கே கட்டப்போகும் பாலத்துக்குத் தலைமை இன்ஜினியராகக் கூப்பிட்டிருந்தார்கள். ரயிலில் ஒரு பகலும் ஓர் இரவும் போக வேண்டிய இடம், போனால் பாலம் முடியும்வரை அங்கேதான். அவளுக்கு அந்தப் பாலத்தின் மேல் உயிர். சாப்பிடும்போது ஸ்பூன்களைத் தட்டுகளுக்குக் குறுக்கே வைத்து அதைக் கட்டிப் பார்ப்பாள், ரொட்டித் துண்டை லாரியாக ஓட்டுவாள். ஆனால் அம்மாவைத் தனியாக விட்டுவிட்டுப் போக மனம் வரவில்லை. போய் வா என்று அம்மா வாய் நிறையச் சொல்லத்தான் செய்தார்; ஆனால் மகளுடைய பஸ் கொஞ்சம் தாமதமானால்கூட அவர் பால்கனிக்கும் சமையலறைக்குமாக நடப்பது கட்டடத்துக்கே தெரியும். மகன் வீட்டுக்குப் போய் இருக்கவும் அவருக்கு இஷ்டமில்லை. “அங்க ஜன்னலத் தொறந்தா எதிர் வீட்டு பாத்ரூம்தான் தெரியும்” என்பார். மழை நின்று ஆற்றில் தண்ணீர் வடிவதற்குள் பாலம் பதில் சொல்லியாக வேண்டும்.

மகன் மூத்தவன், நகரத்தின் மறுகோடியில் குடியிருந்தான். மோதி நசுங்கின கார்களைச் சுற்றிச் சுற்றி வந்து, எந்தப் பக்கமிருந்து என்ன வேகத்தில் இடித்தது என்று இன்ஷூரன்ஸ் கம்பெனிக்குச் சொல்கிற சர்வேயர். அவன் மனைவிக்கு ஒரு கஸ்டமர் கேரில் வேலை. நாள் முழுக்க யார் யாரோ கத்துவதைக் கேட்டுக்கேட்டு, குரலே உயராத ஒரு பொறுமை அவளுக்கு வந்திருந்தது. இரண்டு பேரும் ஞாயிறு தவறாமல் ஒரு மூட்டை அழுக்குத் துணியோடு வந்துவிடுவார்கள். பேன்ட் வந்த அன்று அதை இரண்டு கையாலும் தூக்கிப் பிடித்துப் பார்த்த சர்வேயருக்குச் சட்டென்று ஒன்று நினைவுக்கு வந்தது. அவன் கல்யாணத்துக்கு முன்னால் இதே மெஷினிலிருந்து ஒரு மஞ்சள் ஸ்கார்ஃப் வந்தது. மகளுடையது என்று அம்மாவும், அம்மாவுடையது என்று மகளும் நினைத்து, அது கதவுக்குப் பின்னால் ஆணியில் மாதக்கணக்கில் தொங்கியது. அவன் முதல் தடவையாக மனைவியாகப் போகிறவளை வீட்டுக்குக் கூட்டி வந்தபோது அவள் நேராக ஆணியிடம் போய், “இது என்னோடதாச்சே, காலேஜ் படிக்கறப்ப காணாமப் போச்சு” என்று எடுத்துக் கழுத்தில் சுற்றிக்கொண்டு உட்கார்ந்து டீ குடித்தாள். அன்றைக்கு அது யாருக்கும் பெரிய விஷயமாகப் படவில்லை. இப்போது சர்வேயருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. இந்த வீட்டுக்கு யாரோ வரப்போகிறார்கள், வருகிறவர் ஆண், வீட்டில் கல்யாணம் ஆகாதவள் ஒருத்திதான் இருக்கிறாள். மாப்பிள்ளையேதான் என்றான். தங்கையைப் பார்த்து, “ஆளு வந்துட்டே இருக்கான், நீ எங்க கிளம்பற?” என்று வேறு கேட்டான். பாலம் கையில் இருந்த ஸ்பூனைக் கீழே வைத்துவிட்டாள்.

விஷயம் தீயாகப் பரவியது. கேட்கவா வேண்டும், அடுத்த ஞாயிறு மூன்றாம் மாடியில் கால் வைக்க இடமில்லை. மெஷினின் வட்டக் கண்ணாடிக்கு முன்னால் பெஞ்சும் ஸ்டூலும் போட்டு, இறுதி ஆட்டம் பார்க்கிற மாதிரி உட்கார்ந்திருந்தார்கள். உள்ளே துணிகள் புரள்வதை இமை கொட்டாமல் பார்த்தார்கள். முதல் மாடிக் கணித ஆசிரியர் ஒரு துண்டும் இரண்டு போர்வையும் என்று உரக்க எண்ணிக்கொண்டே வந்தார். யாரோ தும்மினார்கள், அவர் திரும்பினார், திரும்பிப் பார்ப்பதற்குள் நீலம் ஒன்று கண்ணாடியில் ஒட்டிக்கொண்டு சிரித்தது. மெக்கானிக்கைக் கூப்பிட்டு மெஷினைக் கழற்றிப் பார்க்கச் சொன்னார்கள். அவர் அக்கு வேறு ஆணி வேறாகப் பிரித்துப் போட்டு, திரும்பப் பூட்டி, கையைத் துடைத்துக்கொண்டு, “மெஷின்ல ஒரு குறையும் இல்லைங்க. துணியக் கிழிக்குதுன்னு கூப்பிடுவாங்க, சாக்ஸ முழுங்குதுன்னு கூப்பிடுவாங்க. சேத்துக் குடுக்குதுன்னு யாரும் இதுவரைக்கும் கூப்பிட்டதில்ல” என்றார். பிறகு கட்டடத்தில் இருந்த கல்யாணமாகாத ஆண்கள் ஒவ்வொருவராகச் சட்டையைப் போட்டுப் பார்க்க வந்தார்கள். இரண்டாம் மாடி வங்கி குமாஸ்தா முதல் பொத்தானை மாட்டின உடனே சட்டை ஈரமாயிற்று, இரண்டாவதில் நுரை கிளம்பியது, மூன்றாவதில் காதுவரை நுரை ஏறி, அவர் தும்மிக்கொண்டே படி இறங்கினார். காஸ் சிலிண்டர் கொண்டு வருகிறவருக்கும் நுரைதான். தனக்கு ஏற்கெனவே கல்யாணமானதை மறைத்துவிட்டு வந்த கேபிள் டிவிக்காரர் போட்டபோது மட்டும் நுரையோடு நீலம் போடுகிற தண்ணீரும் வந்தது. மாடிப்படி அந்த மாதம் முழுக்கப் பளபளவென்று சுத்தமாக இருந்தது.

சர்வேயர் தன் தொழில் சாமர்த்தியத்தை எல்லாம் காட்டினான். சட்டையை முகர்ந்து பார்த்தான். எத்தனை சோப்பு போட்டாலும் போகாத ஒரு பிளீச்சிங் பவுடர் வாசனை அதில் இருந்தது. “ஆஸ்பத்திரி வாசனை. மாப்பிள்ள டாக்டரு” என்று தீர்ப்புச் சொல்லிவிட்டான். அடுத்து வந்த பேன்ட் பாக்கெட்டில் ஒரு பிளாஸ்டிக் விசில் இருந்தது. டாக்டருக்கு விசில் எதற்கு என்று மருமகள் நிதானமாகக் கேட்டாள். “வெளிய கூட்டம் அலமோதும்ல, வரிசையில நிக்க வெக்கத்தான்” என்றான் கொஞ்சமும் யோசிக்காமல். அதற்குப் பிறகு அவன் ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாகப் போக ஆரம்பித்தான். காத்திருக்கும் இடத்தில் உட்கார்ந்துகொண்டு, உள்ளே போகிற வருகிற டாக்டர்களின் முதுகைக் கண்ணாலேயே அளந்தான். ஓர் எலும்பு மருத்துவர் முதுகு ஏறக்குறையப் பொருந்தியது என்று அவர் பின்னாலேயே கார் நிறுத்தும் இடம்வரை போக, திருடன் என்று நினைத்து அவர் சத்தம் போட்டது தனிக் கதை.

இத்தனை அமளிக்கும் நடுவில் அம்மா மட்டும் ஒன்றும் பேசவில்லை. வந்த துணியைப் பழுது பார்த்தார், அவ்வளவுதான். தையல் தெரிந்தவர் கண் முன்னால் பிரிந்த பாக்கெட் எத்தனை நேரம் இருக்கும்? முதல் சட்டையின் பாக்கெட்டை அன்றே தைத்துவிட்டார். பேன்ட்டின் வலது கால் விளிம்பு மட்டும் தரையில் உரசித் தேய்ந்திருந்தது. ஒரு கால் கொஞ்சம் குட்டையான மனிதர் என்று பார்த்தவுடனே தெரிந்தது, அந்தப் பக்கம் ஒரு விரல்கடை மடித்துத் தைத்தார். காலர் நைந்துபோனபோது அதைப் பிரித்து, உள்பக்கத்தை வெளிப்பக்கமாகத் திருப்பி வைத்துப் புதுசாக்கினார். ஒவ்வொன்றையும் இஸ்திரி போட்டு அலமாரியில் வைப்பார், சில நாளில் அது போய்விடும். கடையில் எத்தனையோ ஆயிரம் ஆண்களின் துணி அவர் கையில் பட்டிருக்கிறது, அவர்களில் ஒருவர் முகமும் அவருக்கு நினைவில்லை. முகமே பார்க்காத இந்த ஒருவருடைய முழங்கையும் தோளும் நடையும் அவருக்கு மனப்பாடமாகிவிட்டன. ஒரு வாரம் சட்டையில் நடுப் பொத்தான் இல்லாமல் வந்தது. சரியான அளவில் பொத்தான் வீட்டில் இல்லை. கடையிலிருந்து ஒன்று கொண்டுவந்து, வேலை மிகுதியில் தைக்க நேரமில்லாமல், அதைப் பாக்கெட்டில் மட்டும் போட்டு வைத்தார். மறு ஞாயிறு சட்டை வந்தபோது அந்தப் பொத்தான் தைக்கப்பட்டிருந்தது. நீலச் சட்டையில் கறுப்பு நூல். கோணலாக, நூலை இழுத்து இழுத்து, பின்னால் ஒரு முண்டு முடிச்சு. அம்மா அதைப் பார்த்துவிட்டுச் சிரித்த சிரிப்பு வாசலில் காவல் இருப்பவருக்குக் கேட்டது. அப்படி ஒரு சிரிப்பு அந்த வீட்டிலிருந்து வந்து எத்தனையோ காலமாயிற்று என்று அவரே சொன்னார். பொத்தானைப் பிரித்து ஒழுங்காகத் தைக்க அம்மா ஊசியை எடுத்தார், பிறகு ஊசியை டப்பாவில் போட்டு மூடிவிட்டார். அதற்கடுத்த வாரம் பாக்கெட்டில் ஒரு பெப்பர்மின்ட் இருந்தது. அவர் அதைச் சாப்பிட்டார்.

மழை நின்றது. ஆற்றில் தண்ணீர் வடிய ஆரம்பித்துவிட்டது, பதில் வேண்டும் என்று அங்கிருந்து போனில் கேட்டார்கள். பாலத்துக்கு அன்றைய ஞாயிறு விடிந்ததே எரிச்சலாக இருந்தது. வீடு நிறையக் கூட்டம், அண்ணன் ஏதோ ஒரு குழந்தை டாக்டரைப் பற்றி ஆரம்பித்திருந்தான், மெஷின் கடகடவென்று சுற்றிக்கொண்டிருந்தது. அவள் எழுந்து போய் பிளக்கைப் பிடுங்கினாள். “எனக்கு மாப்பிள்ளயும் வேணாம், டாக்டரும் வேணாம். எனக்கு அந்தப் பாலம் வேணும். அம்மாவ விட்டுட்டுப் போக முடியாம நான் தவிச்சுட்டு இருக்கேன், நீங்க என்னடான்னா சட்டையக் கட்டிட்டு அழறீங்க” என்றாள். சொல்லும்போதே அழுதுவிட்டாள். கூட்டம் ஸ்டூல்களை எடுத்துக்கொண்டு நகரப் பார்த்தது. அப்போது அம்மா, அதிர்ந்து ஒரு வார்த்தை பேசாத அம்மா, “பிளக்கப் போடு” என்றார். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். மருமகள் தன் கஸ்டமர் கேர் குரலில், யாருடைய புகாரையோ பதிவு செய்கிற மாதிரி, “ஏங்க, சட்டை யாருக்கு வருதுன்னு எல்லாரும் பாக்கறீங்க. இவ்ளோ நாளா அத யாரு தைக்கறாங்க, யாரு இஸ்திரி போடறாங்கன்னு ஒருத்தராவது பாத்தீங்களா?” என்றாள்.

அம்மா முகம் சிவந்துபோயிற்று. அலமாரியில் இருந்த நீலச் சட்டையை எடுத்து விரித்துப் பிடித்தார். பிறகு ஒரு சட்டையைப் பற்றிக் கடையில் வாடிக்கையாளருக்கு எப்படிச் சொல்வாரோ அப்படிச் சொன்னார். “முப்பது வயசுப் பையனுக்கு முதுகு இப்படித் தூக்காது. முன்னால நீளமா இறங்கி, பின்னால ஏறி நிக்குது பாரு. இது என் வயசு முதுகு. மொத நாளே தெரியும்.” மகள், ஏன் சொல்லவில்லை என்று கேட்டாள். “வெக்கமா இருந்துச்சு. அதோட, சொன்னா நீ நிம்மதியா கிளம்பிடுவியே. இன்னும் ஒரு வாரம் இருக்கட்டும், இன்னும் ஒரு வாரம்னு தள்ளிட்டேன்” என்றார். பாலம் சிரிப்பதா அழுவதா என்று தெரியாமல் அவரைக் கட்டிக்கொண்டாள். கணித ஆசிரியர் தலையில் அடித்துக்கொண்டார், வீட்டில் கல்யாணத்துக்கு இருப்பது ஒருத்தி என்று கட்டடமே சேர்ந்து தப்பாகக் கூட்டியிருக்கிறதே என்று. நசுங்கின காரைப் பார்த்தே லாரியின் நிறத்தைச் சொல்லக்கூடிய சர்வேயர் மட்டும் இன்னும் கண்ணால் அளந்துகொண்டிருந்தான். அம்மாவை ஒரு முறை பார்த்தான், கொடியில் இருந்த பேன்ட்டை ஒரு முறை பார்த்தான். கடைசியில் அவன் கேட்டது, “அப்ப அவரு டாக்டர் இல்லயா?” என்பதுதான்.

வந்துகொண்டிருக்கிறவர் எப்போது வருவார் என்று காத்திருக்க அம்மாவுக்கு இனிப் பொறுமையில்லை. சும்மா சொல்லக் கூடாது, துணிந்துவிட்டால் அவர் துணிந்தவர்தான். பிளக்கைப் போட்டு, தன் பச்சைக் கம்பளிச் சட்டையை எடுத்தார். குளிரில் கடைக்குப் போகும்போது போட்டுக்கொள்வது, அவரே பின்னினது. அதை எல்லோர் முன்னாலும் மெஷினுக்குள் போட்டுக் கதவைச் சாத்தினார். மெஷின் சுற்றி நின்றது. கதவைத் திறந்து ஒவ்வொன்றாக வெளியே எடுத்தார்கள், போர்வை, துண்டு, சர்வேயரின் காலுறை, எல்லாம் இருந்தன. பச்சை மட்டும் இல்லை. முதல் தடவையாக மெஷின் ஒன்றைக் குறைத்துக் கொடுத்திருந்தது, கட்டடமே கை தட்டியது. பாலம் அன்றே போனில், வருகிறேன் என்று சொல்லிவிட்டாள். ஆனால் ரயிலுக்கு முன்னால் இன்னும் ஒரு ஞாயிறு இருந்தது, அதைப் பார்க்காமல் போகமாட்டேன் என்றாள். அந்த வாரம் போல ஒரு நீளமான வாரத்தை அந்தக் கட்டடம் கண்டதில்லை. அம்மா கடையில் ஒருவருடைய பேன்ட்டை முழங்கால்வரை குட்டையாக்கிவிட்டார்.

ஞாயிறு காலை அழைப்பு மணி அடித்தது. கதவைத் திறந்தது சர்வேயர். வாசலில் தலை முழுக்க வழுக்கையான, அகலத் தோள்காரர் ஒருவர் நின்றிருந்தார். கையில் மடித்த பச்சைக் கம்பளிச் சட்டை. அவர் போட்டிருந்த நீலச் சட்டையில் நடுப் பொத்தான் மட்டும் கறுப்பு நூலில் கோணலாக இருந்தது. படிக்கட்டு முழுக்க ஆட்கள் நின்று, நுரை வருகிறதா என்று கழுத்தை நீட்டினார்கள். சட்டை கமுக்கமாக உலர்ந்தே இருந்தது. “மன்னிக்கணுங்க. என் துணிய நான் கையாலதான் துவைப்பேன். நேத்து வாளியில இது இருந்துச்சு. பாக்கெட்ல ஒரு அளவு டேப் இருந்துச்சு, அதுல கடப் பேரு போட்டிருந்துச்சு. காலையில கடைக்குப் போய் டேப்பக் காட்டுனேன், இங்க போன்னாங்க” என்றார். கொடியில் போட்ட துணி காணாமல் போய், தைத்து, இஸ்திரி போட்டு, அலமாரியில் தானே வந்து உட்கார்ந்திருப்பது அவருக்கு எத்தனையோ மாதமாகப் பழக்கமாகிவிட்டதாம். ஒண்டியாக இருப்பவர், யாரிடம் போய் நன்றி சொல்வதென்று தெரியாமல் பாக்கெட்டில் பெப்பர்மின்ட் வைத்ததாகச் சொன்னார். சர்வேயருக்கு அதெல்லாம் காதில் ஏறவே இல்லை. “நீங்க என்ன வேல பாக்கறீங்க?” என்றான். “நீச்சல் சொல்லிக் குடுக்கறேன். நகராட்சிக் குளத்துல, சின்னப் புள்ளைங்களுக்கு” என்றார் அவர். மருமகள் சமையலறைக்குள் ஓடிப்போய்ச் சிரித்துவிட்டு வந்தாள். அவர் உள்ளே வரும்போது லேசாகச் சாய்ந்து நடந்தார், ஆனால் வலது கால் விளிம்பு தரையில் உரசவில்லை. அம்மா முதலில் பார்த்தது அதைத்தான். அடுத்து முகத்தைப் பார்த்தார். “உக்காருங்க, தோள்பட்டை கொஞ்சம் இறக்கணும்” என்றார். அவர் உட்கார்ந்தார்.

பாலம் அந்த வாரமே ரயில் ஏறினாள். அம்மாவும் நீச்சல்காரரும் அந்தக் குளிர்காலத்தில் பதிவு அலுவலகத்துக்குப் போய்க் கையெழுத்துப் போட்டு வந்தார்கள்; சர்வேயர் சாட்சிக் கையெழுத்துப் போட்டான், கண்ணைத் துடைத்துக்கொண்டே போட்டதால் அது அவன் கையெழுத்து மாதிரியே இல்லை. வீடு முழுக்க பிளீச்சிங் பவுடர் வாசனை வந்துவிட்டது, யாருக்கும் அது இப்போது தெரிவதில்லை. அம்மா முதல் கோடையில் மிதக்கக் கற்றுக்கொண்டார், இரண்டாவது கோடையில் குளத்தின் இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்குப் போனார், அடுத்த வருடம் கட்டடத்துப் பெண்களில் பாதிப் பேரைக் குளத்தில் இறக்கிவிட்டிருந்தார். மெஷின் போட்டதைப் போட்டபடி துவைத்துக் கொடுத்துக்கொண்டு சாதுவாக இருந்தது. மெக்கானிக் ஒருமுறை அந்தப் பக்கம் வந்தவர், சரியாகிவிட்டது போலிருக்கிறது என்று அதைத் தட்டிக் கொடுத்துவிட்டுப் போனார்.

ஆற்றின் நடுவில் தூண்கள் எழும்பி நின்றன. கரையில் தகரக் கூரை போட்ட விடுதியில் பாலத்துக்கு ஓர் அறை இருந்தது. வேலை நெருக்கடியில் அவள் துணியைப் பற்றி நினைப்பதே இல்லை. ஒரே காக்கிச் சட்டையைத் திரும்பத் திரும்பப் போடுவாள், அதில் இரண்டு பொத்தான்கள் எங்கேயோ இரும்புக் கம்பியில் மாட்டி அறுந்துபோயிருந்தன. கடைசித் துண்டை ஏற்றி இரண்டு கரையையும் இணைக்க வேண்டிய அன்று காலையில், முதல் நாள் வாளியில் ஊறப்போட்டிருந்த அந்தச் சட்டையைத் தேடினாள். வாளியில் தண்ணீர் மட்டும் இருந்தது. சட்டை அலமாரியில் இஸ்திரி போட்டு மடித்திருந்தது. பாக்கெட்டில் கையை விட்டாள், ஒரு பெப்பர்மின்ட். மேல் பொத்தான் காக்கி நூலில், தைத்த இடமே தெரியாமல் தைத்திருந்தது. கீழ்ப் பொத்தான் கறுப்பு நூலில், கோணலாக, பின்னால் முண்டு முடிச்சோடு இருந்தது. பெப்பர்மின்ட்டை வாயில் போட்டுக்கொண்டாள். இரண்டு பொத்தான்களையும் மாட்டிக்கொண்டு, ஹெல்மெட்டை எடுத்துக்கொண்டு, நேரமாகிவிட்டது என்று படி இறங்கி ஓடினாள்.